உத்தரவாதம் தர முடியாத ஒளி: மிரோஸ்லாவ் ஒன்ட்ரிச்செக்கின் கேமரா

லிண்ட்ஸே ஆண்டர்சனின் 'இஃப்' (1968) படத்தைப் பற்றி எழுதியவர்கள் எல்லோரும் ஒரே கேள்வியில் வந்து முட்டிக்கொள்கிறார்கள். வண்ணத்தில் ஓடிக்கொண்டிருக்கும் படம் ஏன் திடீர் திடீரென்று கறுப்பு வெள்ளைக்கு மாறுகிறது? ஒரு ஆங்கிலேயப் பணக்காரப் பள்ளி, அதன் பிரம்படி, பிரார்த்தனை, ராணுவப் பயிற்சி, கடைசியில் கூரைமேல் ஏறி நின்று ஆசிரியர்களையும் பெற்றோரையும் சுடுகிற மாணவர்கள். இதில் வண்ணம் என்பது நனவு, கறுப்பு வெள்ளை என்பது கனவு என்றார்கள். இல்லையில்லை, கறுப்பு வெள்ளைதான் நிறுவனம், வண்ணம் அதற்கெதிரான கலகம் என்றார்கள். பிரெக்ட்டின் அந்நியமாதலை இழுத்து வந்தவர்களும் உண்டு. இந்த வாசிப்புகள் ஒவ்வொன்றுக்கும் படத்துக்குள்ளேயே எதிர்ச்சாட்சி இருக்கிறது. தேவாலயத்துப் பிரார்த்தனை கறுப்பு வெள்ளை. சரி, நிறுவனம் என்று வைத்துக்கொள்வோம். சாலையோரச் சிற்றுண்டிக் கடையில் மிக் என்ற மாணவனும் அங்கே வேலை செய்யும் பெண்ணும் புலிகளைப் போல உறுமிக்கொண்டு தரையில் புரள்கிறார்களே, அதுவும் கறுப்பு வெள்ளைதானே? அங்கே எந்த நிறுவனம் வந்தது?

ஆண்டர்சன் சொன்ன விளக்கம் கோட்பாட்டாளர்களுக்கு ஏமாற்றமாகத்தான் இருந்திருக்கும். செல்டன்ஹாம் கல்லூரியின் தேவாலயத்தில் படம்பிடிக்கப் போனபோது, கையிலிருந்த விளக்குகளையும் நேரத்தையும் வைத்துக்கொண்டு ஒரே சீரான வண்ணத்துக்குத் தன்னால் உத்தரவாதம் தர முடியாது என்று ஒளிப்பதிவாளர் சொல்லிவிட்டார். அப்படியானால் இதைக் கறுப்பு வெள்ளையில் எடுப்போம் என்று முடிவாயிற்று. அப்படிச் சொன்ன ஒளிப்பதிவாளர் பிராகிலிருந்து வந்திருந்த மிரோஸ்லாவ் ஒன்ட்ரிச்செக். வயது 33.

இந்த 'உத்தரவாதம் தர முடியாது' என்ற வாக்கியத்தைக் கொஞ்சம் பிரித்துப் பார்க்க வேண்டும். ஏனென்றால் ஒளிப்பதிவு பற்றி நாம் எழுதுகிறபோது 'அற்புதமான ஒளிப்பதிவு', 'கண்ணில் ஒற்றிக்கொள்ளலாம்' என்று இரண்டு சொல்லோடு நிறுத்திவிட்டு இயக்குநரின் தரிசனத்துக்குத் தாவிவிடுகிறோம். தேவாலயத்தில் என்ன நடக்கிறது? பெரிய பெரிய ஜன்னல்கள் வழியாகப் பகல் வெளிச்சம் வருகிறது. பகல் வெளிச்சத்தில் நீலம் அதிகம். மின்விளக்கில் மஞ்சள் அதிகம். நம் கண் இரண்டையும் சரிக்கட்டி 'வெள்ளை' என்று எடுத்துக்கொள்ளும். படச்சுருளுக்கு அந்தப் பெருந்தன்மை கிடையாது. தவிர, சூரியன் ஒரு இடத்தில் நிற்பதில்லை. காலை பத்து மணிக்கு எடுத்த காட்சித்துண்டையும் பிற்பகல் மூன்று மணிக்கு எடுத்ததையும் அடுத்தடுத்து ஒட்டினால் ஒரே மாணவனின் முகம் ஒருமுறை வெளிறியும் மறுமுறை பழுத்தும் தெரியும். அத்தனை ஜன்னல்களுக்கும் நிறத்தாள் ஒட்டி, உள்ளே டஜன்கணக்கில் விளக்கு நிறுத்தினால் சரிசெய்யலாம். அதற்குக் காசு வேண்டும், நாள் வேண்டும். அன்றைய வண்ணச் சுருளோ மந்தமானது. வெளிச்சத்தை வாரிக் குடிக்கும். கறுப்பு வெள்ளைக்கு வெளிச்சத்தின் அளவுதான் கணக்கு, நிறம் கணக்கில்லை. குறைந்த வெளிச்சத்திலும் அது பிழைத்துக்கொள்ளும்.

ஆக, காசில்லை, அவ்வளவுதான் என்று கதையை முடித்துவிடலாமா? அதுவும் முடியாது. தேவாலயக் காட்சிகள் பிடித்துப்போய் ஆண்டர்சன் வேறு இடங்களிலும் கறுப்பு வெள்ளையைத் தூவினார். சிற்றுண்டிக் கடைக்கோ, விடுதி நடைவழியில் ஆசிரியரின் மனைவி ஆடையின்றி நடந்துபோகும் காட்சிக்கோ ஜன்னல் தொல்லை எதுவும் காரணமில்லை. அதைவிட முக்கியமானது, இதே இருவரும் சேர்ந்து முன்னமேயே எடுத்திருந்த 'தி ஒயிட் பஸ்' (1967). ஷீலா டெலனியின் எழுத்து. வட இங்கிலாந்துத் தொழில் நகரம் ஒன்றைச் சுற்றிக்காட்டும் பேருந்து. கறுப்பு வெள்ளைப் படத்தின் நடுவே சம்பந்தா சம்பந்தமில்லாமல் சில வண்ணத்துண்டுகள். அப்படியென்றால் 'இஃப்' படத்துக் கலப்பு தற்செயல்தான் என்றும் சொல்ல முடியாது, திட்டம்தான் என்றும் சொல்ல முடியாது. ஒரு சாத்தியத்தை ஏற்கெனவே கைப்பழக்கத்தில் வைத்திருந்த இருவர், ஒரு நெருக்கடி வந்ததும் அதை அடையாளம் கண்டுகொண்டார்கள். 'இயக்குநரே படைப்பாளி' என்ற பிரெஞ்சுக்காரர்களின் கோட்பாட்டுக்கும், 'எல்லாம் உற்பத்தி உறவுகள்' என்ற கொச்சை மார்க்சியத்துக்கும் நடுவே நழுவிவிடுகிற இடம் இது. தன்னால் என்ன முடியாது என்று துல்லியமாகத் தெரிந்திருப்பது ஒரு அறிவு. அந்த அறிவு எங்கிருந்து வந்தது என்று பார்த்தால் செக் சினிமாவின் அறுபதுகளுக்குத்தான் போக வேண்டும்.

ஒன்ட்ரிச்செக் பிராகில் 1934இல் பிறந்தவர். 1945இல் அரசுடைமையான பர்ராண்டோவ் ஸ்டூடியோவில் கேமரா உதவியாளராக அடிமட்டத்திலிருந்து வந்தார். மிலோஸ் ஃபோர்மனும் இவான் பாஸரும் ஒரு 16 மி.மீ. கேமராவை வைத்துக்கொண்டு என்ன செய்வதென்று தெரியாமல் அலைந்துகொண்டிருந்தபோது உடன் சேர்ந்தவர் இவர்தான். அந்தக் கூட்டிலிருந்து வந்தது 'கொன்கூர்ஸ்' (1963): பித்தளை வாத்தியக்குழுக்கள் பற்றி ஒன்றும், பாடகித் தேர்வுக்கு வந்து நிற்கும் பெண்கள் பற்றி ஒன்றுமாக இரண்டு பகுதிகள். பாடத் தெரியாத பெண்கள் மைக் முன்னால் நின்று பாடுகிற அந்த முகங்களைப் பார்த்துச் சிரிக்கவும் முடியாது, சிரிக்காமல் இருக்கவும் முடியாது. அதே காலத்தில் யான் நெமெச்சின் 'இரவின் வைரங்கள்' (1964) படத்திலும் இவர் கை இருக்கிறது. ஒளிப்பதிவாளர் யாரோஸ்லாவ் குச்செரா. கேமராவை இயக்கியவர் ஒன்ட்ரிச்செக். வதைமுகாம் ரயிலிலிருந்து குதித்த இரண்டு பையன்கள் மலைச்சரிவில் மூச்சிரைக்க ஏறி ஓடும் அந்தத் தொடக்க நீள்காட்சியைப் பார்த்தவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். கேமராவும் அவர்களோடு சேர்ந்து தப்பித்துக்கொண்டிருக்கிறது.

பிறகு 'ஒரு பொன்னிறக் கூந்தல்காரியின் காதல்கள்' (1965). ஸ்ருச் என்ற செருப்புத் தொழிற்சாலை ஊரில் எடுத்தது. படத்தின் ஊரில் பெண் தொழிலாளிகள் ஏராளம், ஆண்கள் இல்லை. ராணுவத்தினரை அங்கே நிறுத்தினால் பிரச்சினை தீரும் என்று நிர்வாகம் கணக்குப் போடுகிறது. வந்து இறங்குவதோ தொப்பை விழுந்த நடுவயது ரிசர்வ் சிப்பாய்கள். நடன மண்டபத்தில் அவர்கள் அனுப்பும் ஒயின் பாட்டில் தப்பான மேசைக்குப் போகிறது. ஒருவன் ரகசியமாகக் கழற்றிய கல்யாண மோதிரம் கைதவறி விழுந்து, ஆட்களின் கால்களுக்கிடையே உருண்டு ஓடுகிறது. அவன் தவழ்ந்துகொண்டே துரத்துகிறான். இந்த மண்டபத்தில் இருப்பவர்களில் பெரும்பாலோர் நடிகர்கள் அல்லர். ஃபோர்மன் அவர்களுக்குத் திரைக்கதையைப் படிக்கக் கொடுப்பதில்லை; வசனத்தைத் தானே சொல்லிக்காட்டி, அவர்கள் வாயில் அது எப்படி வருகிறதோ அப்படியே எடுத்துக்கொள்வார்.

இதில் ஒளிப்பதிவாளனுக்கு என்ன தலைவலி என்று கேட்கலாம். ஸ்டூடியோ முறையில் தரையில் சாக்பீஸ் கோடு போட்டிருப்பார்கள். நடிகை அந்தக் கோட்டில் வந்து நின்றதும் முகத்துக்கென்று வைத்த விளக்கு கன்னத்தில் சரியாக விழும், பின்னாலிருந்து ஒன்று தலைமுடிக்கு விளிம்பு கட்டும், குவியத்தை முன்னமேயே நாடா பிடித்து அளந்திருப்பார்கள். இந்த முறை ஒரு வர்ணாசிரமம். நட்சத்திரத்துக்கு முதல் விளக்கு, துணைக்கு வருபவனுக்கு மிச்சம், கூட்டத்துக்குச் சிதறியது. செருப்புத் தொழிற்சாலைப் பெண்ணைச் சாக்பீஸ் கோட்டில் நிறுத்த முயன்றால் அவள் கோட்டைத்தான் பார்ப்பாள். போச்சு, முகம் செத்துவிடும். எனவே முகத்துக்கு ஒளி வைப்பதை விட்டுவிட்டு அறைக்கு ஒளி வைக்க வேண்டியிருந்தது. விளக்கைக் கூரையிலும் சுவரிலும் திருப்பி அடித்து மென்மையாக எங்கும் பரவவிடுவது. கேமராவைத் தள்ளி வைத்து நீண்ட லென்ஸால் முகங்களைத் தேடிப்பிடிப்பது. யார் எங்கே திரும்பினாலும் வெளிச்சம் இருக்கும்படி பார்த்துக்கொள்வது. (வங்காளத்தில் சுப்ரதா மித்ரா இதே திருப்பி அடிக்கும் ஒளியை 'அபராஜிதோ'வில், 1956லேயே, காசி வீட்டு முற்றத்துக்காகத் துணி கட்டிச் செய்திருந்தார். அவருக்கும் காரணம் தேவைதான், அழகியல் அறிக்கை அல்ல.) இதற்கு ஒரு விலை உண்டு. பிம்பத்தில் ஆழமான நிழல்கள் போய்விடும், சாம்பல் தட்டும், 'தட்டையாக இருக்கிறது' என்று சொல்வார்கள். அந்தத் தட்டைத்தன்மையை நான் அறம் என்றே சொல்வேன். மோதிரம் துரத்துகிற சிப்பாயும் கதாநாயகியும் அந்த மண்டபத்தில் ஒரே வெளிச்சத்தில் இருக்கிறார்கள்.

அதே ஆண்டு வந்த பாஸரின் படத்துக்கு 'அந்தரங்க வெளிச்சம்' என்றே பெயர். இரண்டு ஒளிப்பதிவாளர்களில் ஒருவர் ஒன்ட்ரிச்செக். கதை என்று ஒன்றும் கிடையாது: நகரத்து இசைக்கலைஞன் கிராமத்து நண்பன் வீட்டுக்கு வருகிறான், சாப்பிடுகிறார்கள், குடிக்கிறார்கள், நால்வராகச் சேர்ந்து வாசித்துப் பார்க்கிறார்கள். அதைப் பற்றித் தனியாகவே எழுத வேண்டும்.

'தீயணைப்பு வீரர்களின் நடன விருந்து' (1967) ஃபோர்மனின் முதல் வண்ணப்படம். இங்கேதான் சிக்கல் கூடுகிறது. அறை முழுவதற்கும் ஒளி வைக்கும் முறை கறுப்பு வெள்ளையில் செல்லும். வண்ணத்தில் அதே முறை எல்லாவற்றையும் நாட்காட்டிப் படமாக்கிவிடும் ஆபத்து உண்டு. ஒன்ட்ரிச்செக் செய்தது மண்டபத்தின் நிறங்களையே மங்கவிட்டது. பழுப்புச் சுவர், சீருடை, வியர்த்த சிவந்த முகங்கள். வ்ர்ச்லாபி என்ற ஊரின் உண்மையான தீயணைப்பு வீரர்கள் தங்களையே நடித்தார்கள். பரிசுச்சீட்டுக்கு வைத்த பொருட்கள் ஒவ்வொன்றாகத் திருடுபோகின்றன; அழகிப்போட்டிக்குப் பெண்கள் வர மறுக்கிறார்கள்; நடுவில் ஒரு கிழவரின் வீடு நிஜமாகவே தீப்பிடித்து எரிகிறது. பனியில் உட்கார்ந்திருக்கும் அவருக்குக் குளிருமே என்று நாற்காலியைத் தீயின் பக்கம் நகர்த்திப் போடுகிறார்கள். நகைச்சுவைதான், ஆனால் அந்த முகத்தில் விழும் செம்மஞ்சள் ஒளி அவருடைய வீடு.

ஆட்சியாளர்களுக்குப் புரிந்துவிட்டது. யார் திருடுகிறார்கள், யார் கண்ணை மூடிக்கொள்கிறார்கள், விளக்கை அணைத்து மறுபடி போட்டால் என்ன காணாமல்போகிறது என்பது உள்ளூர்த் தீயணைப்புக் குழுவைப் பற்றியது மட்டுமல்ல. பணம் போட்டிருந்த இத்தாலியர் கார்லோ பான்டியும், படம் ஒப்பந்த நீளத்துக்குச் சில நிமிடம் குறைகிறது என்று சொல்லிப் பணத்தைத் திருப்பிக் கேட்டார். அரசுக்கு நஷ்டம் விளைவித்த குற்றத்துக்காக ஃபோர்மன் சிறை போகும் நிலை. ட்ரூஃபோவும் குளோத் பெர்ரியும் வெளிநாட்டு உரிமையை வாங்கிக் காப்பாற்றினார்கள். 1968 ஆகஸ்டில் சோவியத் டாங்குகள் பிராகுக்குள் வந்தன. படம் நாட்டில் தடைசெய்யப்பட்டது.

'இஃப்' எடுத்து முடித்தது அந்த டாங்குகளுக்குச் சில மாதம் முன்புதான். 1969இல் அதற்கு கான் விழாவின் முதல் பரிசு. அந்தப் படப்பிடிப்பில் ஒன்ட்ரிச்செக்கின் கேமராவை இயக்கியவர் கிறிஸ் மெங்கஸ் என்ற இளைஞர். தள்ளி நிற்கும் கேமரா, அறைக்கு வைக்கும் மென்மையான ஒளி, நடிப்பவனுக்குக் கொடுக்கும் சுதந்திரம் எல்லாவற்றையும் அங்கே நேரில் பார்த்தார். உடனே போய் கென் லோச்சுக்காக 'கெஸ்' (1969) எடுத்தார். யார்க்ஷயர் சுரங்க ஊரில் வல்லூறு வளர்க்கும் ஒரு சிறுவன். 'பிரிட்டிஷ் யதார்த்தவாதம்' என்று பாடநூல்கள் கொண்டாடும் அந்தப் படத்தின் ஒளி பாதி செக் ஒளி. செக் படங்களுக்குத் தான் பட்ட கடனை லோச் ஒளித்ததும் இல்லை. தேசிய சினிமா வரலாறுகளை எழுதுகிறவர்கள் இயக்குநர்களை மட்டும் எண்ணிக்கொண்டு போவதால் இப்படிப்பட்ட கடத்தல் வழிகள் கணக்கில் வருவதே இல்லை.

டாங்குகளுக்குப் பிறகு ஃபோர்மனும் பாஸரும் வெளியேறினார்கள். ஒன்ட்ரிச்செக் வெளியேறவில்லை. வீடு பிராகில், வேலை வெளியில், ஒவ்வொரு முறையும் அரசு அனுமதி என்ற வாழ்க்கை. இதைச் சமரசம் என்று எளிதாகச் சொல்லலாம். எனக்கு அப்படிச் சொல்லத் தோன்றவில்லை. கையெழுத்துப் போட்டுத் தன்னை அறிவித்துக்கொள்ள இயக்குநருக்குப் பெயர் இருக்கிறது, தொழில்காரனுக்குக் கருவிதான் இருக்கிறது. ஃபோர்மனின் முதல் அமெரிக்கப் படம் 'டேக்கிங் ஆஃப்' (1971) இவர் எடுத்தது. அதற்கடுத்தது விசித்திரமானது. கர்ட் வானகட்டின் நாவலை ஜார்ஜ் ராய் ஹில் 'ஸ்லாட்டர்ஹவுஸ் ஃபைவ்' (1972) என்று எடுத்தபோது, 1945 பிப்ரவரியில் குண்டுவீச்சில் அழிந்த டிரெஸ்டன் நகருக்குப் பதிலாக அழியாத பிராகைக் காட்டினார்கள். டாங்குகள் வந்து மூன்று ஆண்டுகளில், அதே தெருக்களில் அமெரிக்க யுத்தக் கைதிகளை ஜெர்மன் சிப்பாய்கள் நடத்திக்கொண்டு போகிறார்கள். உள்ளூர்க்காரர் ஒருவர் அதைப் படம்பிடிக்கிறார். கைதிகளில் சிலர் அந்த நகரத்தின் அழகில் வாய்பிளந்து நிற்கும் காட்சி உண்டு. படத்துக்கு அது டிரெஸ்டன். எடுத்தவனுக்கு அது சொந்த ஊர்.

ஆண்டர்சனோடு 'ஓ லக்கி மேன்' (1973). பிறகு 1979 வரை வெளிநாட்டுப் படம் எதுவும் இல்லை. செக் வணிகப் படங்கள்தான். ஃபோர்மனுக்கு ஆஸ்கர்களை அள்ளிக்கொடுத்த 'குக்கூஸ் நெஸ்ட்' (1975) வேறு கைகளில் போயிற்று. 'ஹேர்' (1979), 'ராக்டைம்' (1981) இரண்டிலும் மீண்டும் சேர்ந்தார்கள். 'ராக்டைம்' முதல் ஆஸ்கர் பரிந்துரையைக் கொண்டுவந்தது. எனக்கென்னவோ அந்தப் படத்தில் ஒளிக்குக் கொஞ்சம் வெல்லம் கூடிவிட்டதாகத் தோன்றுகிறது. கடந்தகாலம் என்றாலே தேன்நிறம் என்ற ஹாலிவுட் வழக்கம். ஸ்ருச் நகரத்தைத் தேடுகிறவர்கள் மைக் நிக்கல்ஸின் 'சில்க்வுட்'டுக்கு (1983) போகலாம். புளூட்டோனியத் தொழிற்சாலைத் தொழிலாளி கேரன் சில்க்வுட் 1974இல் கார் விபத்தில் இறந்த உண்மைக் கதை. குழல்விளக்கின் உயிரற்ற வெளிச்சம், அதில் கையுறைகளுக்குள் கைவிட்டு வேலைசெய்யும் பெண்கள், ஷிஃப்ட் முடிந்ததும் சோர்ந்த பேச்சு. மெரில் ஸ்ட்ரீப் அங்கே நட்சத்திரமாக வெளிச்சம் பெறவில்லை. செருப்புத் தொழிற்சாலையும் புளூட்டோனியத் தொழிற்சாலையும் ஒரே கண்ணால் பார்க்கப்பட்டிருக்கின்றன. சோஷலிசம் ஒரு பக்கம், முதலாளித்துவம் ஒரு பக்கம் என்ற வேறுபாடு அந்த வெளிச்சத்தில் தெரியவே இல்லை.

'அமேடியஸ்' (1984) படத்துக்காக ஃபோர்மன் பிராகுக்குத் திரும்பினார், இந்த முறை அமெரிக்கக் குடிமகனாக. பதினெட்டாம் நூற்றாண்டு வியன்னா வியன்னாவில் கிடைக்கவில்லை, பிராகில் கிடைத்தது. காரணம் இன்னொரு நகைச்சுவை. கட்டடங்களை இடித்து நவீனப்படுத்தவோ விளம்பரப்பலகை மாட்டவோ அந்த ஆட்சிக்குச் சக்தி இல்லை. எனவே கேமராவை எந்தப் பக்கம் திருப்பினாலும் மோட்சார்ட் காலம். டில் அரங்கில் படம்பிடித்தார்கள். 1787இல் 'டான் ஜியோவானி'யை மோட்சார்ட்டே முதன்முதலாக நடத்திய மேடை அது. பெரும்பாலும் மரம். அதற்குள் சரவிளக்குகளில் நிஜ மெழுகுவர்த்திகள்.

மெழுகுவர்த்தி என்றதும் குப்ரிக்கின் 'பாரி லிண்டன்' (1975) நினைவுக்கு வரும். அங்கே மெழுகுவர்த்தி வெளிச்சம் ஓவியமாகி, அதற்குள் மனிதர்கள் அசையாமல் உட்கார்ந்திருக்க வேண்டியிருந்தது. மிகத் திறந்த லென்ஸில் குவிய ஆழம் மயிரிழைதான். தலை கொஞ்சம் முன்னால் வந்தால் மங்கிவிடும். ஒன்ட்ரிச்செக்கின் மோட்சார்ட்டோ ஒரு இடத்தில் நிற்காதவன். சிரிக்கிறான், மேசைக்கடியில் புகுகிறான், பியானோவைத் தலைகீழாகப் படுத்து வாசிக்கிறான். எனவே இங்கேயும் முகத்துக்கு அல்ல, அறைக்குத்தான் ஒளி. மெழுகுவர்த்தி சட்டகத்துக்குள் எரிகிறது. அறை முழுக்கப் பரவியிருக்கும் பொன்னிறத்தை அது பேச்சுக்குத் தன்னுடையது என்று சொல்லிக்கொள்கிறது. பழைய நடன மண்டபத்தின் அதே தந்திரம், பட்டாடை உடுத்தி வந்திருக்கிறது. இறுதியில் சாகக் கிடக்கும் மோட்சார்ட் சொல்லச் சொல்லச் சாலியேரி இரவெல்லாம் எழுதுகிறான். மெழுகுவர்த்தியின் வெளிச்சம் வடிந்து, ஜன்னலில் நீலச் சாம்பலாக விடிகிறது. தேவாலயத்தில் 1968இல் எந்த இரண்டு நிறங்களைச் சேர்த்துவைக்க உத்தரவாதம் தர முடியாது என்றாரோ, அதே மஞ்சளும் நீலமும். இப்போது கையில் காசும் நாளும் இருந்தது.

அந்தப் படம் 8 ஆஸ்கர் வாங்கியது; ஒளிப்பதிவுக்கு இல்லை. 1985இல் அந்த விருதை 'தி கில்லிங் ஃபீல்ட்ஸ்' படத்துக்காக வாங்கியவர் கிறிஸ் மெங்கஸ், செல்டன்ஹாமில் இவர் கேமராவை இயக்கிய அதே இளைஞர். ஒன்ட்ரிச்செக்குக்குப் பிரிட்டிஷ் அகாடமியின் விருது கிடைத்தது.

மிச்சத்தை வேகமாகச் சொல்லிவிடலாம். ஃபோர்மனோடு 'வால்மோன்' (1989), பென்னி மார்ஷலோடு 'அவேக்கனிங்ஸ்' (1990) முதல் 2001 வரை நான்கு படங்கள். கௌரவமான வேலை, 'அவேக்கனிங்ஸ்' மருத்துவமனைப் பகல்களைத் தவிர மற்றவை மனதில் நிற்கவில்லை. தென் போஹீமியாவில் பீசெக் என்ற ஊரில் ஒரு திரைப்படக் கல்லூரி அவர் பெயரைத் தாங்குகிறது. 2015 மார்ச்சில் பிராகில் இறந்தார்.

'தீயணைப்பு வீரர்களின் நடன விருந்து' இன்று யாருக்கும் கிடைக்கும். பார்க்கிறவர்கள் கடைசிக் காட்சிவரை இருக்க வேண்டும். வீடு எரிந்துபோய்விட்டது. காப்பாற்றிய சாமான்கள் வெளியே பனியில் கிடக்கின்றன, ஒரு கட்டில் உட்பட. வேறு போக்கிடம் இல்லாத கிழவர் அந்தக் கட்டிலுக்கு வருகிறார். காவலுக்கு வைத்த தீயணைப்புக்காரர் அதில் முன்னமேயே போர்த்திப் படுத்திருக்கிறார். கிழவரும் ஏறிப் பக்கத்தில் படுத்துக்கொள்கிறார். பனி பெய்கிறது. யார் முகத்துக்கும் தனி விளக்கு இல்லை.